தொகுத்தவர் ஏ.கே. செட்டியார்: ஒரு மதிப்பீடு

மலர்க் குழுவினர் இந்த ஆண்டும் கட்டுரை கேட்டு வந்தார்கள். "அண்ணே, போன தடவை மாதிரி கல்வெட்டு வேண்டாம், பிள்ளைகளும் படிக்கிற மாதிரி ஏதாவது எழுதுங்க" என்று ஒரு தம்பி அன்போடு கேட்டுக்கொண்டார். சித்தூரில் நாற்பது வருஷமாக வெல்ல மண்டி நடத்துகிறவன் நான். கல்லூரிப் படிப்பு கிடையாது. கடை சாத்திய பிறகு படித்ததுதான் என் படிப்பு. ஆகவே எனக்குத் தெரிந்த முறையில், ஒரு வணிகர் குலத்துப் பெரியவர் செய்த வேலையை எடைபோட்டுப் பார்க்கலாம் என்று துணிந்தேன். அவர் ஏ.கே. செட்டியார். பிழை இருந்தால் அறிஞர்கள் பொறுத்தருள வேண்டும்.

அவரை "உலகம் சுற்றும் தமிழன்" என்று பலருக்குத் தெரியும். பயண நூல்கள் எழுதியவர், காந்தியடிகளைப் பற்றி முதன்முதலில் முழுநீள ஆவணப்படம் எடுத்தவர் என்றும் சிலர் சொல்வார்கள். "எடுத்தவர்" என்ற அந்தச் சொல்லில்தான் எனக்குத் தகராறு. அந்தப் படத்தின் பெரும்பகுதியை அவர் எடுக்கவில்லை, தொகுத்தார். சினிமாவில் எடிட்டர் என்கிறோம், பத்திரிகையில் ஆசிரியர் என்கிறோம், ஏட்டுச்சுவடி விஷயத்தில் பதிப்பாசிரியர் என்கிறோம். இந்த மூன்றுக்கும் அடியில் இருப்பது ஒரே வேலை. சிதறிக் கிடப்பதைத் தேடி, பொறுக்கி, வரிசைப்படுத்தி, கூட்டிக் கொடுப்பது. செட்டியார் வாழ்நாள் முழுக்கச் செய்தது இந்த ஒன்றைத்தான் என்பது என் கருத்து. அந்தக் கண்ணோடு பார்த்தால்தான் அவருடைய பெருமையும் தெரியும், குறையும் தெரியும்.

கப்பலில் தோன்றிய எண்ணம்

கருப்பன் செட்டியார் என்ற ஏ.கே. செட்டியார் 1911 நவம்பர் 4-ஆம் தேதி செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தார். இளவயதில் பர்மா சென்று ரங்கூனில் "தன வணிகன்" பத்திரிகைக்கு ஆசிரியராக இருந்தார். பிறகு ஜப்பானிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றார். 1937 அக்டோபர் 2-ஆம் தேதி நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்கு "சமாரியா" என்ற கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, காந்தியடிகளின் வாழ்க்கையை ஒரு படமாகக் கொண்டுவர வேண்டும் என்ற எண்ணம் அவருக்குத் தோன்றியது. அன்று காந்தி பிறந்தநாள். அவருக்கோ 26 வயது இன்னும் நிறையவில்லை.

அதன் பிறகு மூன்று ஆண்டுகள் நான்கு கண்டங்களில் ஒரு லட்சம் மைல் அளவுக்குச் சுற்றினார். முப்பது ஆண்டுக் காலத்தில் ஏறக்குறைய நூறு கேமராக்காரர்கள் எடுத்த 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடிப் படம் உருவானது. டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட் என்ற நிறுவனத்தின் பெயரில், 1940 ஆகஸ்டு 23-ஆம் தேதி தமிழ் விளக்கவுரையோடு "மகாத்மா காந்தி" வெளியானது. அப்போது வெள்ளைக்காரன் ஆட்சி, அதிலும் யுத்த காலம். 1930-இல் தண்டி யாத்திரையைக் காட்டிய பல படங்களை அரசாங்கம் தடை செய்திருந்தது என்பதையும் சேர்த்து நினைத்துப் பார்த்தால்தான் அந்தத் துணிச்சலின் அளவு புரியும்.

மண்டிக்காரன் கணக்கு

அடிக்கணக்கைச் சொல்லிவிட்டுப் போனால் பிள்ளைகளுக்குப் புரியாது. கொஞ்சம் கணக்குப் போடுவோம். 35 மில்லிமீட்டர் பிலிமில் ஒரு அடிக்கு 16 சட்டங்கள். பேசும்படம் ஒரு வினாடிக்கு 24 சட்டம் ஓடும். அப்படியானால் 50,000 அடி என்பது சுமார் ஒன்பதே கால் மணி நேரம். 12,000 அடி என்பது 2 மணி 13 நிமிடம். நான்கில் மூன்று பங்குக்கு மேல் தள்ளியிருக்கிறார்!

எங்கள் தொழிலில் ஒரு டன் கரும்புக்கு ஏறக்குறைய நூறு கிலோ வெல்லம் இறங்கும். மீதியெல்லாம் சக்கையும் ஆவியும் அழுக்கும். கொப்பரையில் சாறு கொதிக்கும்போது பதம் பார்த்து இறக்குகிறவன் கையில்தான் எல்லாம் இருக்கிறது. ஒரு நிமிஷம் முந்தினால் பாகு, ஒரு நிமிஷம் பிந்தினால் கருகல். படத்தொகுப்பும் இப்படித்தான் என்று நினைக்கிறேன். எங்கே நிறுத்துவது என்று தெரிந்தவன்தான் எடிட்டர்.

இன்னொரு சிக்கலும் உண்டு. ஊமைப்பட காலத்துச் சுருள்கள் வினாடிக்குப் 16 சட்டம் என்ற அளவில், அல்லது அதை ஒட்டிய வேகத்தில் எடுக்கப்பட்டவை. அவற்றைப் பேசும்பட எந்திரத்தில் அப்படியே ஓட்டினால் எல்லாரும் தத்தித் தத்தி ஓடுவார்கள். தண்டிக்கு நடந்தவர் ஏதோ ரயிலைப் பிடிக்க ஓடுகிறவர் மாதிரித் தெரிவார். ஒன்று விட்டு ஒரு சட்டத்தை இரண்டு முறை அச்சிட்டால் நடை சரியாகும். பார்க்கிறவருக்கு இந்த உழைப்பு தெரியவே தெரியாது. ஒரு மனிதரின் நடையில் இருக்கும் கண்ணியம் கூட எடிட்டர் கையில் இருக்கிறது என்பதற்காகச் சொன்னேன்.

யார் எடுத்த படம், யார் சொன்ன கதை

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். அந்த நூறு கேமராக்காரர்கள் யார்? அந்தக் காலத்தில் காந்தியைப் படம் பிடித்தவர்களில் வெளிநாட்டு நியூஸ்ரீல் கம்பெனிக்காரர்களும் உண்டு. அவர்களுக்குப் பக்தியும் கிடையாது, பகையும் கிடையாது. அரைவேட்டி கட்டிய ஒரு மனிதர் பிரிட்டிஷ் சாம்ராஜ்யத்தை எதிர்க்கிறார் என்பது அவர்களுக்கு ஒரு வேடிக்கைச் செய்தி. உதாரணத்துக்கு, 1931-இல் காந்தி வட்டமேஜை மாநாட்டுக்காக லண்டன் போனபோது லங்காஷயர் நெசவாலைத் தொழிலாளர்கள் அவரைச் சூழ்ந்து நின்று ஆரவாரம் செய்தார்கள். நியூஸ்ரீலில் அது அந்த வாரத்து விநோதம், அவ்வளவுதான். அதே துண்டுக்கு முன்னால் அந்நியத் துணி எரிப்பை வையுங்கள், பின்னால் கைராட்டையை வையுங்கள். தன் துணி விற்பனையைக் குலைத்தவரையே தொழிலாளி கைதட்டி வரவேற்கிறான் என்ற உண்மை தானாக எழுந்து நிற்கும். ஒரு சட்டத்தைக்கூட மாற்றவில்லை. வரிசையை மாற்றினோம், பொருள் மாறிவிட்டது.

ஆள்கிறவன் பார்வையில் எடுத்த துண்டுகளையும் ஆளப்படுகிறவன் வரலாறாக மாற்றியதுதான் செட்டியார் செய்த காரியம். எங்கள் சமண மரபில் அநேகாந்தம் என்று ஒன்று சொல்வார்கள். எந்தப் பொருளுக்கும் பல பக்கம் உண்டு, ஒரு பக்கத்தை மட்டும் பார்த்துவிட்டு முழுசும் பார்த்தேன் என்று சொல்லாதே என்பது அதன் சாரம். நூறு பேர் நூறு கோணத்தில் கண்ட ஒருவரை ஒரே திரையில் சேர்த்து நிறுத்திய வேலையை இதைவிட நல்ல சொல்லால் எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

தமிழும் தெலுங்கும்

இந்தப் படம் தமிழோடு நிற்கவில்லை. தெலுங்கு விளக்கவுரையோடும் வந்தது, பின்னர் இந்தியிலும் வந்தது. சித்தூர்க்காரர்களாகிய நமக்கு இது சின்ன விஷயமில்லை. 1940-இல் நம் மாவட்டம் சென்னை மாகாணத்தில் இருந்தது. 1953-இல் ஆந்திர மாநிலத்தோடு சேர்ந்தது. 1960-இல் திருத்தணி தமிழ்நாட்டுக்குப் போனது. 2022-இல் திருப்பதி தனி மாவட்டமானது. கோடுகள் மாறிக்கொண்டேதான் இருந்தன. வீட்டுக்குள் தமிழ், வாசலைத் தாண்டினால் தெலுங்கு என்ற நம் வாழ்க்கை மட்டும் மாறவில்லை.

என் தகப்பனார் சிறுவயதில் அந்தப் படத்தைப் பார்த்ததாகச் சொல்லுவார். "படத்துல யாரும் பேசல, பின்னால ஒருத்தர் பேசிக்கிட்டே இருந்தார்" என்பார். தமிழிலா தெலுங்கிலா என்று கேட்டால் யோசிப்பார். "ஞாபகமில்லடா, ஆனா புரிஞ்சுது" என்பார். நம் ஊருக்கு இதைவிடப் பொருத்தமான விமரிசனம் வேறு என்ன வேண்டும்?

இரண்டு ஒப்பீடுகள்

1953-இல் அமெரிக்காவில் இந்தப் படத்துக்கு ஓர் ஆங்கில வடிவம் வந்தது. பெயர் "மகாத்மா காந்தி: இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி". அமெரிக்கப் பத்திரிகையாளர் குவென்டின் ரெய்னால்ட்ஸ் விளக்கவுரை பேசினார். அளவும் குறைந்தது. செட்டியார் வைத்த தலைப்பு வெறும் பெயர் மட்டும்தான். பார்க்கிறவர் தாமே முடிவு செய்துகொள்ளட்டும் என்று விட்டுவிட்டார். அமெரிக்கத் தலைப்பு முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறது. வெல்லம் மஞ்சளாகப் பளிச்சென்று இருந்தால்தான் வெளியூர் வியாபாரி வாங்குவான் என்று ஹைட்ராஸ் போடுகிறவர்கள் எங்கள் தொழிலில் உண்டு. கருப்பு வெல்லத்தின் ருசி தெரிந்தவனுக்கு அது பிடிக்காது. ஆனாலும் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். இன்று மிஞ்சியிருப்பது அந்தப் பளிச்சென்ற வெல்லம்தான். பேராசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி தேடியபோது அமெரிக்கப் பல்கலைக்கழக நூலகத்தில் கிடைத்தது ஆங்கில வடிவமே. 1940-இன் தமிழ்ப் படம் கிடைக்கவில்லை.

இன்னொரு ஒப்பீடு, விட்டல்பாய் ஜாவேரி 1968-இல் முடித்த "மகாத்மா". ஐந்தரை மணி நேரப் படம். காந்தியின் சொற்களைக் கொண்டே கதை சொல்கிறது. முழுமையில் செட்டியார் படம் அதற்கு ஈடாகாது. காந்தியின் கடைசி எட்டு ஆண்டுகள், அதாவது வெள்ளையனே வெளியேறு போராட்டம், பிரிவினை, நவகாளி, ஜனவரி 30 எதுவும் 1940 படத்தில் இருக்க முடியாது. ஆனால் ஜாவேரிக்குப் பின்னால் சுதந்திர நாடு இருந்தது, காந்தி நினைவு நிதி இருந்தது. செட்டியார் தேடியபோது இந்தியாவில் ஒரு திரைப்பட ஆவணக் காப்பகம் கூடக் கிடையாது. புனேயில் அது தொடங்கியதே 1964-இல்தான். ஆக, முழுமைக்கு ஜாவேரி, முன்னேர் பிடித்ததற்குச் செட்டியார் என்பது என் தீர்ப்பு.

காகிதத்தில் ஓட்டிய படம்

படத்துக்குப் பிறகு அவர் சும்மா இருக்கவில்லை. 1943-இல் "குமரி மலர்" தொடங்கி, 1983-இல் மறையும் வரை நடத்தினார். பழைய இதழ்களிலும் நூல்களிலும் புதைந்து கிடந்ததை எடுத்து மறுபடி அச்சிட்டார். தமிழ்நாட்டைப் பற்றிய பழைய பயணக் கட்டுரைகளைத் திரட்டிப் பெரிய தொகுப்பாகவே கொடுத்தார். நூறு பேர் எழுதியது, ஒருவர் கூட்டியது. அங்கே பிலிம், இங்கே காகிதம். முறை ஒன்றுதான்.

இந்த முறையை நம் ஊருக்குப் பொருத்திப் பாருங்கள். திருமலைக் கோயிலை 1801 முதல் 1843 வரை ஈஸ்ட் இந்தியா கம்பெனி அதிகாரிகள் நிர்வகித்தார்கள். 1821-இல் புரூஸ் என்ற அதிகாரியின் பெயரால் ஒரு விதித்தொகுப்பே வந்தது. 1843-இல் ஹாதிராம்ஜி மடத்து மகந்துகள் கைக்குப் போய், 1932 சட்டத்தின்படி 1933-இல் தேவஸ்தான நிர்வாகக் குழு வந்தது. இது அரசாங்கக் காகிதம் சொல்லும் கதை. இதே காலத்தில், 1830 மே மாதம், சென்னை சுப்ரீம் கோர்ட்டில் மொழிபெயர்ப்பாளராக இருந்த ஏனுகுல வீராசாமி காசி யாத்திரை புறப்பட்டு, திருப்பதி வழியாகப் போனார். போகிற வழியெல்லாம் கண்டதைத் தெலுங்கில் எழுதினார். 1838-இல் அது அச்சேறியது. கம்பெனிக் கணக்கில் கோயில் ஒரு வருமானம். வீராசாமிக்கு அது கோயில், வருமானம் எங்கே போகிறது என்பதும் அவருக்குத் தெரியும். இரண்டையும் அடுத்தடுத்து வைத்தால் கிடைக்கும் வரலாறு, தனித்தனியே படித்தால் கிடைக்காது.

இன்னொன்று. சித்தூர் தலைநகராக இருந்த பழைய வட ஆர்க்காடு மாவட்டத்துக்கு 1881-இல் காக்ஸ் என்ற அதிகாரி ஒரு கையேடு தொகுத்தார். எங்கள் சமணக் குடிகளைப் பற்றியும் அதில் செய்தி உண்டு. எத்தனை பேர், எந்தத் தாலுக்கா என்று. தலையெண்ணிக்கை கிடைக்கிறது, அந்தத் தலைகளுக்குள் என்ன இருந்தது என்பது கிடைக்கவில்லை. அவர் கேமரா, அவர் கோணம். அதற்காகத் தூக்கிப் போடக்கூடாது. அவர் துண்டுக்குப் பக்கத்தில் நம் துண்டை வைக்க வேண்டும். நம் துண்டு எங்கே? திருமலைக் கல்வெட்டுகளில் பெரும்பாலானவை தமிழ். 1931 முதல் தேவஸ்தானமே அவற்றைத் தொகுதி தொகுதியாக வெளியிட்டது, சாது சுப்பிரமணிய சாஸ்திரி முன்னின்று உழைத்தார். கல்லில் இருந்தது அச்சுக்கு வந்துவிட்டது. வீட்டில் இருப்பதுதான் வரவில்லை.

குறைகள்

புகழ்ந்து மட்டும் எழுதினால் அது மதிப்பீடு ஆகாது. செட்டியாரிடம் எனக்கு இரண்டு குறை உண்டு.

முதலாவது, இருப்புப் பதிவேடு. படத்துக்காக அலைந்த கதையை அவர் எழுதியது 2003-இல் "அண்ணல் அடிச்சுவட்டில்" என்று நூலாக வந்திருக்கிறது. அருமையான புத்தகம். தன்னைப் பின்னால் தள்ளிக்கொண்டு எழுதும் பண்பு ஒவ்வொரு பக்கத்திலும் தெரியும். ஆனால் அது பயணக் கதையே தவிர பேரேடு அல்ல. எந்தத் துண்டு யாரிடமிருந்து வந்தது, எத்தனை அடி, படத்தில் எங்கே சேர்ந்தது என்ற வரவு செலவை அவர் வரிசையாகப் போட்டு வைக்கவில்லை. வணிகர் குலத்தில் பிறந்தவர் இதை விட்டிருக்கக் கூடாது. அடக்கம் நல்ல குணம்தான். ஆனால் தொகுத்தவர் தம்மை மறைக்கும்போது தடயத்தையும் சேர்த்து மறைத்துவிடக் கூடாது.

இரண்டாவது, தள்ளிய 38,000 அடி. வெல்லக் கொப்பரையில் எடுத்த அழுக்கைக் கொட்டிவிடலாம். வரலாற்றில் அப்படியில்லை. ஒருவர் வேண்டாம் என்று வெட்டியது, ஐம்பது வருஷம் கழித்து வேறொருவருக்குத் தங்கம். கூட்டத்தின் ஓரத்தில் நிற்கும் ஒரு பெண், பின்னால் தெரியும் ஒரு கடைப் பலகை, இவையெல்லாம் அன்று வீண், இன்று ஆதாரம். தொகுப்பு என்பது பாதிதான், காப்பு மறுபாதி.

ஆனால் இந்தக் குறையை அவர் தலையில் மட்டும் கட்டுவது அநியாயம். தனி மனிதர் எத்தனை பெட்டியைக் காக்க முடியும்? அவர் கோட்டையூர்க்காரர். அதே கோட்டையூரில் ரோஜா முத்தையா என்ற இன்னொரு செட்டியார் பழைய புத்தகங்களையும் நோட்டீசுகளையும் ஆயிரக்கணக்கில் சேர்த்து வைத்தார். அவர் மறைந்த பிறகு சிகாகோ பல்கலைக்கழகத்தின் முயற்சியால், 1994-இல் அது சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக நிலைபெற்றது. ஒரே ஊர், இரண்டு பேர். ஒருவருடைய சேகரம் பிழைத்தது, ஒருவருடைய தமிழ்ப் படம் போய்விட்டது. பின்னால் வந்தவர்கள் கவனித்ததா கவனிக்காததா என்பதுதான் வித்தியாசம்.

என் பங்கு

மற்றவர்களைச் சொல்லிவிட்டு என்னைச் சொல்லாமல் விட்டால் அது பாவம். என் தகப்பனார் "குமரி மலர்" வாங்குகிறவர். ஆரணிப் பக்கத்திலிருந்து சித்தூருக்குக் குடி வந்தபோது துணி மூட்டையோடு அந்த இதழ்க் கட்டையும் தூக்கி வந்தார். அவர் காலமான பிறகு மண்டிக்கு இடம் போதவில்லை என்று பழைய பேரேடுகளோடு அந்தக் கட்டையும் எடைக்குப் போட்டேன். போட்டவன் நானே. என்ன விலை கிடைத்தது என்பதுகூட நினைவில்லை. பத்து வருஷம் கழித்து படிப்பில் ஆசை வந்தபோது அதே இதழ்களைத் தேடிச் சென்னையில் நூலகம் நூலகமாக அலைந்தேன். ஒரு நூலகத்தில் அந்தப் பரிச்சயமான அட்டையைப் பார்த்ததும் கை நடுங்கியது. புரட்டிப் படிக்க முடிந்தது. ஆனால் அப்பா ஓரத்தில் பென்சிலால் எழுதுகிற வழக்கம் உண்டு. அந்த எழுத்து எந்த நூலகத்திலும் இல்லை.

சமணத்தில் நான்கு தானம் சொல்வார்கள்: உணவு, மருந்து, அபயம், சாஸ்திரம். ஏட்டைப் படியெடுத்துக் கொடுப்பது சோறு போடுவதற்குச் சமம் என்று வைத்த மரபில் பிறந்தவன் செய்த காரியம் இது.

ஆகவே இந்த மலரைப் படிக்கும் குடும்பங்களுக்கு ஒரு விண்ணப்பம். நம் பிள்ளைகள் தெலுங்கில் படிக்கிறார்கள், ஆங்கிலத்தில் படிக்கிறார்கள், அதில் தப்பில்லை. ஆனால் பரண்மேல் இருக்கும் தமிழ்க் கடிதத்தை அவர்களால் படிக்க முடியாது. படிக்க முடியாத காகிதம் சீக்கிரம் எடைக்குப் போகும். வரும் தீபாவளிக்குள் ஒரு நாள் ஒதுக்குங்கள். பழைய புகைப்படத்தின் பின்னால் யார், எந்த ஊர், எந்த வருஷம் என்று பென்சிலால் எழுதுங்கள், தமிழிலும் தெலுங்கிலும். தாத்தாவின் பேரேட்டையும் கடிதத்தையும் கைபேசியிலாவது படம் எடுத்து வையுங்கள். எது வேண்டும் எது வேண்டாம் என்று இப்போதே வெட்ட வேண்டாம். வெட்டி ஒட்டுகிற வேலையை, செட்டியாரைப் போல ஒருத்தர் நம் பேரப்பிள்ளைகளில் வந்து செய்வார். அவருக்குச் சுருளைச் சேர்த்து வைப்பது நம் வேலை. சங்க அலுவலகத்தில் ஓர் இரும்புப் பீரோவை இதற்கென்று ஒதுக்கினால், முதல் செலவு என்னுடையதாக இருக்கட்டும்.